உம் கொட்ட ஆளில்லாத கதைகள்



ஆசிரியப் பெருமக்களே, பெற்றோர்களே! இந்தப் பதிவு உங்களுள் சிலருக்குக் கசக்கலாம். கசந்தாலும் இறுதிவரை படித்துவிடுங்கள். அதன் பிறகு மறுப்பதானால் தாராளமாக மறுக்கலாம்.

அக்டோபர் முதல் நாளை அனைத்துலக முதியோர் நாளாக ஐக்கிய நாட்டு நிறுவனம் 1990-இல் அறிவித்தது. அந்நாளையொட்டி நம் பள்ளி மண்டபங்களிலும் கோயில் மண்டபங்களிலும் முதியோர் சிறப்பு நிகழ்ச்சிகள் நடப்பதுண்டு. நடக்கும் முறையைச் சற்று எண்ணிப் பாருங்கள். தாத்தா பாட்டிகளை நெகிழி நாற்காலிகளில் வரிசையாக அமர்த்துகிறோம். பொன்னாடை போர்த்துகிறோம். அரிசி, பிசுக்கோத்து, மைலோ வைத்த அன்பளிப்புக் கூடையைக் கையில் கொடுத்துப் படம் எடுக்கிறோம். பிள்ளைகள் திரைப்பாடலுக்கு ஆடுகிறார்கள். சிறப்பு வருகையாளர் முக்கால் மணி நேரம் பேசுகிறார். மூன்று மணி நேர நிகழ்ச்சியில் அந்த முதியவர்களுள் ஒருவராவது வாய் திறந்து பேசினாரா? நன்றியுரையைக்கூட அவர்கள் சார்பில் வேறொருவர் ஆற்றிவிடுகிறார்!

இதற்குப் பெயர் சிறப்புச் செய்தலா? வாழ்நாள் முழுவதும் பிறருக்குக் கதை சொன்னவர்களைக் கைதட்டும் கூட்டமாக மாற்றி வைத்திருக்கிறோம் என்பதே உண்மை.

நான் சொல்ல வருவது இதுதான். நம் தோட்டப்புறங்களில் வாழ்ந்த கதை சொல்லும் மரபை மீட்டெடுக்க வேண்டும். மாணவர்களின் மொழித்திறனுக்காக மட்டும் அன்று; ஆவணக் காப்பகத்தின் அலமாரிக்காகவும் அன்று. முதன்முதலாக, அந்த முதியவர்களுக்காகவே மீட்டெடுக்க வேண்டும்.

லயத்து வாசலில் இருந்த பள்ளிக்கூடம்

ஜெலாப்பாங் இன்று வீடமைப்புப் பகுதிகளும் தொழிற்சாலைகளும் நிறைந்த ஈப்போ நகரின் ஒரு புறம். ஆனால், இங்குள்ள வீடுகளில் வாழும் எழுபது, எண்பது வயதினர் பலர் நகரத்தில் பிறந்தவர்கள் அல்லர். செம்மோர், சுங்கை சிப்புட், தஞ்சோங் ரம்புத்தான் வட்டாரத் தோட்டங்களில் பால்மரம் வெட்டியவர்கள். இருட்டோடு எழுந்து பெரட்டுக்குப் போய், நிரையில் இறங்கி, மங்கு மங்காகப் பால் எடுத்து, வாளி சுமந்து திரும்பியவர்கள். பிற்பகலில் குளித்து, சோறாக்கி, மாலையானதும் லயத்து வாசலில் கூடியவர்கள்.

அந்த வாசலில் மூன்று வகைக் கதைகள் புழங்கின.

முதலாவது, கப்பலேறி வந்த கதைகள். நல்லதங்காள், மதுரை வீரன், காத்தவராயன், பொன்னர் சங்கர். பெரிய எழுத்துப் புத்தகத்தை ஒருவர் உரக்கப் படிக்க, மற்றவர்கள் சுற்றி அமர்ந்து கேட்பார்கள். நாளடைவில் புத்தகம் கிழிந்துபோகும், கதை நிற்கும். சொல்பவரின் ஊரும் உறவும் துயரமும் அதில் கலந்துவிடும். பஞ்சத்தில் ஏழு பிள்ளைகளோடு தாய்வீடு தேடிப் போன நல்லதங்காளின் கதையை, ஜப்பான்காரன் காலத்தில் மரவள்ளிக்கிழங்கைத் தின்று உயிர் பிழைத்த பெண் சொல்லும்போது அது வெறும் பழங்கதையாகவா இருந்திருக்கும்?

இரண்டாவது, தோட்டத்திலேயே பிறந்த கதைகள். எல்லையில் நிற்கும் முனியாண்டி, நிரையில் புலியைக் கண்டு வாளியை வீசிவிட்டு ஓடியவர், துரையின் நாய், கிராணியின் கணக்கு, தண்டலின் குரல், கள்ளுக்கடையிலிருந்து வீட்டுக்கு வழி தெரியாமல் விடியும்வரை ஒரே மரத்தைச் சுற்றியவர். அச்சமும் நகைப்பும் கலந்த கதைகள் இவை. துரையையும் தண்டலையும் நேரில் எதிர்க்க முடியாதவர்கள் கதையில் எதிர்த்தார்கள்.

மூன்றாவது, வரலாறு. யார் சயாமுக்குப் பிடித்துக்கொண்டு போகப்பட்டார், யார் திரும்பி வந்தார், யார் வரவில்லை. 1948 சூன் 16-ஆம் நாள் சுங்கை சிப்புட் வட்டாரத்தில் மூன்று தோட்டத் துரைகள் சுட்டுக் கொல்லப்பட்டு நாட்டில் அவசரகாலம் அறிவிக்கப்பட்டபின் தோட்டத்து வாழ்க்கை எப்படி மாறியது. 1969-இல், குடியுரிமை பெறாதவர்களுக்கு வேலை அனுமதிக் கட்டாயம் நடப்புக்கு வந்தபோது, சிவப்பு அடையாள அட்டை வைத்திருந்த பல்லாயிரம் பேருள் யார் யார் ரஜூலா கப்பலேறித் தமிழ்நாட்டுக்குத் திரும்பினார். எந்தக் குடும்பம் பாதியாகப் பிரிந்தது.

இக்கதைகளுக்கெல்லாம் ஒரே ஒரு நிபந்தனை இருந்தது. கேட்பவர் 'உம்' கொட்ட வேண்டும். 'உம்' நின்றால் கதை நின்றுவிடும். "தூங்கிட்டியா?" என்று குரல் வரும். கதை சொல்வது ஒருவர் வேலை அன்று, இருவர் வேலை என்பதைக் கல்வியியல் நூல் எதையும் படிக்காத நம் பாட்டிமார் அறிந்திருந்தார்கள்.

வாயடைத்தது எப்படி?

தோட்டங்கள் துண்டாடப்பட்டன. இரப்பர் போய்ச் செம்பனை வந்தது. சில இடங்களில் வீடமைப்புத் திட்டங்கள் வந்தன. மக்கள் வெளியேறினர். ஒரே லயத்தில் வாழ்ந்த இருபது குடும்பங்கள் இருபது இடங்களுக்குச் சிதறின. வரிசை வீட்டின் இரும்புக் கதவுக்கும் அடுக்குமாடியின் நான்காம் மாடிக்கும் பின்னால் முதியவர் தனித்துப் போனார். மகனும் மருமகளும் வேலைக்குப் போக, பேரப்பிள்ளை பகுதிநேர வகுப்புக்குப் போக, தொலைக்காட்சித் தொடர் மட்டும் அவரோடு பேசுகிறது. அதற்கு 'உம்' கொட்ட வேண்டிய தேவையில்லை.

இவை எல்லாரும் சொல்லும் காரணங்கள். யாரும் சொல்லாத காரணம் ஒன்று உண்டு. படித்த நாமும் அவர்களை வாயடைத்தோம். "பாட்டி, அப்படிச் சொல்லக் கூடாது. கித்தா இல்லை, இரப்பர்" என்று திருத்தினோம். பேய்க்கதை மூடநம்பிக்கை என்றோம். கள்ளுக்கடைக் கதை மானக்கேடு என்றோம். தோட்டத்துப் பேச்சு பிள்ளையின் கட்டுரையில் ஒட்டிக்கொள்ளும் என்று அஞ்சினோம். விளைவு என்ன? ஜெலாப்பாங்கில் என் வீட்டுக்கு அருகில் வாழும் எண்பது வயதைக் கடந்த மூதாட்டி ஒருவரிடம், "ஒரு கதை சொல்லுங்கள் பாட்டி" என்று கேட்டேன். அவர் சொன்ன விடை இது: "எனக்கு என்னா தெரியும் டீச்சரு? எழுதப் படிக்கத் தெரியாதவகிட்ட என்னா கதை இருக்கப் போவுது?"

அறுபது ஆண்டுகளுக்கு மேல் கதை கேட்டும் சொல்லியும் வாழ்ந்த ஒருவரை இப்படிச் சொல்ல வைத்த கல்வியை என்னென்பது?

இந்தியாவின் வடகிழக்கே மிசோ மக்கள் இருக்கிறார்கள். 1894-இல் மறைப்பணியாளர் இருவர் வந்து உரோமன் எழுத்துகளைக் கொண்டு நெடுங்கணக்கு அமைத்துக் கொடுக்கும்வரை அவர்கள் மொழிக்கு எழுத்து வழக்கில்லை. தோலில் எழுதி வைத்திருந்த எழுத்தை நாய் தின்றுவிட்டது என்று அவர்களே ஒரு கதை வைத்திருக்கிறார்கள்! எழுத்தில்லாத மக்கள் தம் குலமரபு முழுவதையும் வாய்மொழியிலேயே காத்தார்கள். ஈராயிரம் ஆண்டு எழுத்து மரபுடைய நாமோ, ஏட்டில் இருப்பதே இலக்கியம், வாயில் இருப்பது வெறும் பேச்சு என்று ஒதுக்கினோம். நம் எழுத்தை எந்த நாயும் தின்னவில்லை. நம் பேச்சை நம் எழுத்துச் செருக்கு தின்றுகொண்டிருக்கிறது.

கதை சொல்லும் போட்டி என்றொரு நாடகம்

"நாங்கள்தாம் ஆண்டுதோறும் கதை சொல்லும் போட்டி நடத்துகிறோமே!" என்று ஆசிரிய நண்பர்கள் சொல்லக்கூடும். நடத்துகிறோம். கதையை ஆசிரியர் எழுதுகிறார். மாணவர் மனனம் செய்கிறார். எந்தச் சொல்லில் கையை உயர்த்துவது, எந்த வரியில் விழியை உருட்டுவது என்பதும் எழுதிக் கொடுக்கப்படுகிறது. கடிகாரம் ஓடுகிறது. நடுவர் குனிந்து புள்ளியிடுகிறார். அவையில் அமர்ந்திருப்போர் தத்தம் மாணவரின் முறைக்குக் காத்திருக்கும் ஆசிரியர்கள். அங்கே 'உம்' கொட்டுபவர் யார்?

போட்டியால் பயனில்லை என்று நான் சொல்லவில்லை. மேடையச்சம் நீங்கும், உச்சரிப்புத் திருந்தும். ஆனால், அதனைக் கதை சொல்லும் மரபு என்று அழைக்காதீர்கள். 2011-இல் தொடங்கிய தொடக்கப்பள்ளிக்கான கலைத்திட்டத்தில் தமிழ்மொழியின் முதல் திறனே கேட்டலும் பேச்சும்தான். கேட்டல் என்பதை நாம் வினாவுக்கு விடை காணும் பயிற்சியாகச் சுருக்கிவிட்டோம். ஒரு முதியவர் நடுவில் மறந்து, இருமி, வேறெங்கோ போய்த் திரும்பி வரும்வரை பொறுமையோடு கேட்பதல்லவா கேட்டல்?

பேராக் மண்ணே சான்று

வாய்மொழிக் கதையை மதித்தால் என்ன நடக்கும் என்பதற்கு நம் மாநிலத்திலேயே சான்று இருக்கிறது. இருபதாம் நூற்றாண்டின் முதற் பத்தாண்டில், பாவாங் அனா என்னும் மலாய்க் கதைசொல்லி வாய்மொழியாகச் சொன்ன கதைகளைச் செண்டிரியாங்கைச் சேர்ந்த ராஜா ஹாஜி யாஹ்யா எழுத்தில் வடித்தார். வின்ஸ்டெட்டும் ஸ்டராக்கும் அவற்றைப் பதிப்பித்தனர். மாலிம் டெமான், அவாங் சூலோங் மேரா மூடா போன்ற அக்கதைகள் இன்றும் மலாய் இலக்கியத்தில் மதிப்போடு பேசப்படுகின்றன. ஊர் ஊராகச் சென்று கதை சொன்னவரை மலாய் மக்கள் 'பெங்லிப்போர் லாரா' என்றனர். துயரம் ஆற்றுபவர் என்று பொருள். பெயரிலேயே அவரது பணி இருக்கிறது!

அதே காலத்தில் அதே பேராக்கில் நம்மவர் காடழித்து இரப்பர் நட்டுக்கொண்டிருந்தனர். அவர்கள் சொன்ன கதைகளை எழுதிக்கொள்ள யார் வந்தார்?

பத்து காஜாவில் உள்ள கெல்லி கோட்டைக்கு மாணவர்களைச் சுற்றுலா அழைத்துச் செல்கிறோம். ஸ்காட்லாந்துக்காரரான வில்லியம் கெல்லி ஸ்மித்தின் கனவும், 1926-இல் லிஸ்பன் நகரில் அவர் இறந்ததும் அங்கு வருவோர்க்குச் சொல்லப்படுகின்றன. அதனைக் கட்டத் தமிழ்நாட்டிலிருந்து வந்த தொழிலாளர்கள் கொள்ளைநோயில் மாண்டதும், அவர்கள் வேண்டியபடி மாரியம்மன் கோயில் எழுந்ததும் அந்தக் கதையில் ஓரிரு வரிகளாக வந்து போகின்றன. கோயிலில் தெய்வ உருவங்களோடு துரையின் உருவத்தையும் வைத்தார்கள் நம்மவர். துரையின் கதை நமக்குத் தெரியும். அந்த உருவத்தைச் செய்தவரின் கதை?

சயாம் மரண இரயில் பாதையை எண்ணிப் பாருங்கள். 1942, 1943-ஆம் ஆண்டுகளில் 415 கிலோமீட்டர் நீளத்திற்குப் போடப்பட்ட பாதை. காஞ்சனாபுரி போர்க்கல்லறையில் ஏறத்தாழ 7,000 போர்க்கைதிகள் உறங்குகிறார்கள். பெரும்பாலான கல்லறைகளில் பெயரும் படைப்பிரிவும் பொறிக்கப்பட்டிருக்கின்றன. அங்கே மாண்ட நம் தோட்டத் தொழிலாளர்க்கு அப்படிப்பட்ட பெயர்க்கல் இல்லை. ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்', அ. ரெங்கசாமியின் 'நினைவுச்சின்னம்' ஆகிய நாவல்களும், சீ. அருணின் ஆய்வு நூலும் இல்லையென்றால் நம் எழுத்துலகில் அந்தத் துயரம் எவ்வளவு பதிவாகியிருக்கும்? அவர்கள் மூவரும் நல்ல பணி செய்தார்கள். ஆனால், சயாமுக்குப் போனவர்களின் பிள்ளைகள் இப்போது எண்பது வயதைக் கடந்து நம் பக்கத்து வீட்டில் அமர்ந்திருக்கிறார்கள். தந்தை திரும்பிவராத வீட்டில் வளர்ந்தவர்கள் அவர்கள். அந்த வீட்டின் கதை எந்த நாவலிலும் இல்லை. அதைச் சொல்லாமலே போய்விட வேண்டும் என்பது அவர்கள் தலையெழுத்தா?

சில மறுப்புகளும் விடைகளும்

"புலனத்திலும் வலையொளியிலும் ஏற்றிவிடலாமே" என்பார் சிலர். பதிவு செய்வது நல்லதுதான். ஆனால், திறன்பேசியை முகத்துக்கு நேரே நீட்டி "பேசுங்கள் தாத்தா" என்றால் அவர் சட்டைப் பொத்தானைச் சரிசெய்வார்; கதை வராது. மேலும், பதிவு நமக்குப் பயன்படும். அவருக்கு என்ன பயன்? கதை கேட்கப்பட வேண்டிய நேரத்தில் சேமிக்கப்படுவது மட்டும் போதாது.

"பழைய கதைகளில் சாதிப் பெருமை இருக்கிறது, பெண்ணை இழிவுபடுத்தும் பேச்சு இருக்கிறது" என்பார் வேறு சிலர். உண்மை, இருக்கிறது. எல்லாக் கதையும் எல்லாப் பிள்ளைக்கும் உரியது அன்று. அதனால்தான் முதல் அவை முதியவர்களின் அவையாக இருக்க வேண்டும் என்கிறேன். அங்கே அவர்களே ஒருவரை ஒருவர் மறுப்பார்கள். "எங்க தோட்டத்துல அப்படி இல்ல" என்று ஒரு தாத்தா குறுக்கிடும்போது பிறக்கும் வாதம், நாம் கத்தரித்துக் கொடுக்கும் நீதிக்கதையைவிட நேர்மையானது.

"முதுமையில் மறதி வந்துவிட்டது, இனி என்ன கதை?" என்பார் இன்னும் சிலர். முதுமையில் பழையதைத் திரும்பத் திரும்ப எண்ணுவது நோயின் அறிகுறி அன்று, வாழ்வைச் சீர்தூக்கிப் பார்க்கும் இயல்பான செயல் என்று அமெரிக்க மனநல மருத்துவர் இராபர்ட் பட்லர் 1963-லேயே எழுதினார். அதன் வழி வந்த நினைவுமீட்டல் முறையை மறதிநோய் உடையோரிடம் செய்து பார்த்த ஆய்வுகளை 2018-இல் காக்ரேன் அமைப்பு தொகுத்துப் பார்த்தது. பயன் சிறிதே, எல்லா இடத்திலும் ஒரே அளவிலும் இல்லை என்பதே முடிவு. ஆகவே, கதை சொன்னால் மறதி தீரும் என்று நான் உறுதிமொழி தர மாட்டேன். தர வேண்டியதும் இல்லை. உண்பதற்கு மருத்துவக் காரணம் தேடுகிறோமா? மனிதர் பேசுவதற்கும் கேட்கப்படுவதற்கும் மட்டும் ஏன் காரணம் கேட்கிறோம்?

"நேரமில்லை" என்பது இறுதி மறுப்பு. யூ.பி.எஸ்.ஆர். தேர்வு இருந்தவரை அதனைக் காரணம் காட்டினோம். 2021-இல் அத்தேர்வு அகற்றப்பட்டது. அகற்றிய பின் முதியவரோடு அமரும் நேரம் நமக்குக் கூடியதா? நேரம் நம்மிடம் இருக்கிறது. மதிப்புத்தான் இல்லை.

என்ன செய்யலாம்?

கடந்த ஓராண்டாக ஜெலாப்பாங்கில் சனிக்கிழமை மாலைகளில் ஒரு வீட்டின் முன்புறத்தில் ஏழெட்டு முதியவர்கள் கூடுகிறார்கள். சங்கமும் இல்லை, பதாகையும் இல்லை. முன்பு 'எனக்கு என்னா தெரியும்' என்ற அந்த மூதாட்டிதான் இன்று முதலில் வந்து நாற்காலியைப் பிடித்துக்கொள்கிறார். அங்குக் கண்டு அறிந்தவற்றைக் கொண்டு சிலவற்றை முன்வைக்கிறேன்.

1. பள்ளி மண்டபம் வேண்டாம். வீட்டு வாசலோ கோயில் திண்ணையோ போதும். ஒலிபெருக்கி வேண்டாம், பரிசு வேண்டாம், சிறப்பு வருகையாளர் வேண்டவே வேண்டாம். தேநீரும் புந்தோங் கச்சாங் பூத்தேயும் இருந்தால் போதும்.

2. "கதை சொல்லுங்கள்" என்று கேட்காதீர்கள். "உங்கள் நிரையில் எத்தனை மரம்? உளியை யார் தீட்டிக் கொடுத்தார்? ஆயாக்கொட்டகையில் பிள்ளையை விட்டுவிட்டு எத்தனை மணிக்குப் போவீர்கள்?" என்று கேளுங்கள். மரத்தின் எண்ணிக்கையில் தொடங்குபவர் மாலை முடியும்போது ஒரு வாழ்க்கையைச் சொல்லியிருப்பார்.

3. வெவ்வேறு தோட்டத்து முதியவர்களை ஒன்றாக அமர்த்துங்கள். ஒருவருக்கொருவர் அவர்களே சிறந்த அவை. நாம் விளங்காமல் கேட்கும் பத்துச் சொல்லை அவர்கள் ஒரு தலையசைப்பில் விளங்கிக்கொள்கிறார்கள்.

4. திருத்தாதீர்கள். 'பெரட்டு', 'கித்தாக்காடு', 'மங்கு' எல்லாம் நம் மலேசியத் தமிழின் சொற்கள். அவற்றைச் சொன்னபடியே எழுதிக்கொள்ளுங்கள். செந்தமிழுக்கு இதனால் எந்தக் கேடும் வராது.

5. ஒப்பாரியை மேடைப்பொருள் ஆக்காதீர்கள். சாவு வீட்டில் பாட வேண்டியதை நல்ல நாளில் பாடச் சொன்னால் அவர்கள் மறுப்பது இயல்பு. மறுப்பை மதியுங்கள். சொல்ல விரும்பாத கதையைச் சொல்லாமலிருக்கவும் அவர்களுக்கு உரிமை உண்டு.

6. மாணவர்களை முப்பது பேராக அழைத்து வராதீர்கள். மூவராக அழைத்து வாருங்கள். அவர்களுக்குப் பயிற்சித்தாள் வேண்டாம். 'உம்' கொட்டக் கற்றுக்கொடுங்கள். அதுவே அன்றைய பாடம்.

7. ஒலிப்பதிவு செய்வதானால் இசைவு கேட்டுச் செய்யுங்கள். பதிந்ததை முதலில் அவருக்கே போட்டுக் காட்டுங்கள். அவர் ஒப்பாமல் வெளியில் பரப்பாதீர்கள்.

சமூக நல இலாகாவின் முதியோர் நடவடிக்கை மையங்கள் நாட்டில் உள்ளன. அங்கே உடற்பயிற்சியும் கைவினையும் நடக்கின்றன. தமிழில் கதை பேசும் ஒரு பொழுதையும் ஏற்பாடு செய்யுங்கள் என்று நம் இயக்கங்கள் கேட்டுப் பார்க்கலாமே! 2030-ஆம் ஆண்டளவில் நம் நாட்டு மக்களுள் ஏறத்தாழ 15 விழுக்காட்டினர் அறுபது வயதைக் கடந்தவராக இருப்பர் என்பது அரசின் கணிப்பு. அந்தக் கணக்கில் இன்று ஐம்பதுகளின் பிற்பகுதியில் இருக்கும் நம்மில் பலரும் அடங்குவோம். கேட்கும் பழக்கத்தை இன்று நம் பிள்ளைகளுக்குக் கற்றுத் தராவிட்டால், நாளை நம் கதையை யார் கேட்பார்?

பெற்றோர்களே, உங்கள் வீட்டு முதியவரிடம் இன்று சாப்பாட்டையும் மருந்தையும் பற்றி அல்லாமல் வேறு ஏதேனும் பேசினீர்களா? இல்லையென்றால் இன்றிரவு தொலைக்காட்சியை அரைமணி நேரம் அணைத்துவிடுங்கள். எந்தத் தோட்டத்தில் பிறந்தீர்கள் என்று கேளுங்கள். பிறகு நீங்கள் பேசாதீர்கள். 'உம்' மட்டும் கொட்டுங்கள்.

சிந்திப்போம், செயல்படுவோம்.

அன்புடன்,
ஜெலாப்பாங்கிலிருந்து ஒரு தமிழ்ப்பள்ளி ஆசிரியை